தலையாட்டிய தகரப் பெண்

என் வயதுக்காரர்களுக்காக இதை எழுதுகிறேன். வெறும் வயிற்றில் ஒரு மாத்திரை, சாப்பிட்ட பிறகு இரண்டு மாத்திரை என்று நாளைத் தொடங்குகிறவர்களுக்காக. பிள்ளைகள் இருக்கும் நாட்டுக்கு விமானம் ஏறிப் போய், ஆறு மாதம் பேரனுக்குக் கால் கழுவிவிட்டுத் திரும்பி வந்து, 'அங்கே எல்லாம் ரொம்பச் சுத்தம்' என்று எதிர்ப்படுகிறவர்களிடமெல்லாம் சொல்கிறவர்களுக்காக. நானும் அந்தக் கூட்டத்தில் ஒருத்திதான். இளையவர்கள் யாராவது இதைப் படிக்க நேர்ந்தால், இவள் 'அந்தக் காலத்தில்' என்று பெருமூச்சு விடப் போகிறாள் என்று பயப்பட வேண்டாம். அந்தக் காலம் ஒன்றும் அவ்வளவு நன்றாக இல்லை.

போன ஆண்டு மகளின் பேறுகாலத்துக்காக அமெரிக்கா போயிருந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடக்கிறேனே என்று இரக்கப்பட்டு, மகளும் மருமகனும் என்னை ஓர் அருங்காட்சியகத்துக்குக் கூட்டிப் போனார்கள். பெரிய ஓவியர்களுக்கான இடமில்லை அது. படம் வரைய எந்தப் பள்ளிக்கூடத்துக்கும் போகாதவர்கள், பண்ணையில் மாடு பார்த்தவர்கள், லாரி ஓட்டியவர்கள், துணி வெளுத்தவர்கள் எல்லாம் தாங்களாகவே கற்றுக்கொண்டு செய்த பொருட்களை அங்கே வைத்திருந்தார்கள். கிழிந்த வேலைச் சட்டைகளை ஒட்டுப் போட்டுத் தைத்த போர்வை ஒன்று சுவர் முழுக்கத் தொங்கியது. மரத்தில் செதுக்கிய வாத்துகள் வரிசையாக நின்றன. நான் முழங்கால் வலியோடும் பாதிக் கவனத்தோடும் நடந்துகொண்டிருந்தேன். மூன்றாவது அறையில் நின்றுவிட்டேன்.

கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு தகர மனிதன் ரம்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவனுக்குப் பக்கத்தில் ஒரு தகரப் பெண் தொட்டியின் மேல் குனிந்திருந்தாள். இருவருக்கும் பின்னால் காற்றாடி இறக்கைகள். காற்று அடித்தால் அவன் மரம் அறுப்பான், அவள் துணி துவைப்பாள். கை கால் மூட்டுகளைப் பற்றவைக்காமல் கம்பியைச் சுற்றிச் சுற்றிக் கட்டியிருந்தார் செய்தவர். அந்தக் கம்பிக் கட்டைப் பார்த்ததும் கண்ணாடியில் மூக்கு இடிக்கக் குனிந்துவிட்டேன்.

பக்கத்தில் ஒட்டியிருந்த அட்டையை மகள் படித்துச் சொன்னாள். செய்தவர் பண்ணைக் கூலி. தானாகக் கற்றுக்கொண்டவர். அக்கம்பக்கத்தார் அவரைக் கிறுக்கர் என்று நினைத்தார்கள். யாருக்காகவும் இல்லாமல், தனக்காக மட்டுமே செய்தார். முதல் மூன்றையும் நம்பினேன். கடைசியை நம்பவில்லை.

மருமகனின் கைபேசியை வாங்கி எங்கள் ஊர் போடிக்கு அழைத்தேன். அங்கே விளக்கு வைக்கும் நேரம் தாண்டியிருந்தது. அத்தை எடுத்தாள். எண்பத்து மூன்று வயது. கண்ணாடிப் பெட்டியைக் காட்டினேன். திரையில் அவளுடைய நெற்றி மட்டும் தெரிந்தது. கைபேசியைக் கண்ணுக்குக் கிட்டே வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நல்லாச் செஞ்சிருக்கான்" என்றாள் கடைசியில். "ஆனா காத்தே இல்லாத எடத்துல கொண்டுபோயி ஏண்டி வச்சிருக்காக?"

 எனக்கு ஐம்பத்தைந்து ஆண்டுகளுக்கு முந்தைய ஓர் ஆடி மாதம் மொத்தமாக வந்து நின்றது.

அப்போது எனக்குப் பத்து வயது. அத்தை அப்பாவின் தங்கை, எங்களோடுதான் இருந்தாள். இருபத்தெட்டு வயதாகியும் கல்யாணம் ஆகவில்லை. ஒரு காலத்தில் பேசி முடித்திருந்த இடம், தாத்தா இறந்த வருடத்தில் கைநழுவிப் போயிருந்தது. அதற்குப் பிறகு வந்தவர்கள் வயதைக் கேட்டுவிட்டுக் காப்பியோடு எழுந்து போனார்கள். அவள் ஏலக்காய் மூட்டைகளைச் சேர்த்து வைக்கிற கிட்டங்கிக்குக் காய் பொறுக்கப் போய்க்கொண்டிருந்தாள். காலையிலிருந்து மாலை வரை தட்டின் முன் உட்கார்ந்து, பச்சை மாறாத பருத்த காய் ஒரு பக்கம், வெளுத்தது ஒரு பக்கம், வெடித்தது ஒரு பக்கம் என்று பிரிக்கிற வேலை. கையை வைத்தவுடனே எது எந்தப் பக்கம் என்று விரலுக்குத் தெரிந்துவிடும் என்பாள். வீட்டுக்கு வந்தால் அவள் சேலையும் தலைமுடியும் ஏலக்காயாக மணக்கும். ராத்திரி அவள் பக்கத்தில் படுக்க எனக்கும் தம்பிக்கும் அடிதடி நடக்கும்.

போடியில் ஆடிக் காற்றைப் பற்றிப் போடிக்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்குச் சொல்கிறேன். மலை மெட்டிலிருந்து இறங்கி வருகிற அந்தக் காற்று கடைப் பலகையைப் பிடுங்கும், காயப்போட்ட வேட்டியை அடுத்த தெருவில் கொண்டுபோய்ப் போடும், சோற்றில் மண்ணைத் தூவும். ஊரே அதைத் திட்டிக்கொண்டிருக்கும்போது அத்தைக்கு மட்டும் அது வேண்டியிருந்தது.

அந்த வருடத்துக்கு முந்தின ஆடியில்தான் அவள் தொடங்கினாள். வனஸ்பதி டின் ஒன்றை வெட்டி நிமிர்த்தி, அதில் ஓர் ஆளை வெட்டியெடுத்தாள். தெருமுனைத் தகரப் பட்டறைக்காரர் தூக்கிப் போட்ட பழைய கத்திரி ஒன்று அவளிடம் இருந்தது. சைக்கிள் சக்கரத்தின் போக்குக் கம்பியை வளைத்து அச்சாக்கினாள், பின்னால் நாலு இறக்கை வைத்தாள். மொட்டை மாடியில் மூங்கில் நட்டு அதன் உச்சியில் கட்டினாள். காற்று அடித்ததும் அந்த ஆள் ஒரு கையைத் தலைக்கு மேலே தூக்கி, இன்னொரு கையை இடுப்புக்குக் கீழே இறக்கினான். மறுபடி தூக்கினான். தெருவில் போய்க்கொண்டிருந்த ஒருவர் அண்ணாந்து பார்த்துவிட்டு, "அட, நம்ம டீக்கடைக்காரன்!" என்று கத்தினார்.

பட்டறைக்காரர் வந்து பார்த்துவிட்டுச் சிரித்தார். பற்றவைக்காமல் கம்பியால் கட்டியிருக்கிறாயே, இது ஒரு வேலையா என்றார். அத்தைக்குப் பற்றவைக்கத் தெரியாது, யாரும் சொல்லிக் கொடுக்கவும் இல்லை. ஆனால் பற்றவைத்திருந்தால் அந்தக் கை அவ்வளவு தளர்வாக, டீக்கடைக்காரர் கை போலவே இறங்கியிருக்காது. இதெல்லாம் எனக்கு இப்போதுதான் புரிகிறது.

அவள் எந்தப் பொம்மைக்கும் கண் மூக்கு வைத்ததில்லை. ஏன் என்று கேட்டேன்.

"மூஞ்சி எதுக்குடி? தூரத்துல வர்ற ஆளை மூஞ்சிய வச்சா கண்டுபிடிக்கிற? நடைய வச்சுத்தான? ஆளுக்கு ஒரு ஆட்டம் இருக்கு. அது கெடச்சாப் போதும்."

அம்மாவைச் செய்தாள். துணியைக் கொடியில் போடுவதற்கு முன்னால் ஓங்கி ஓர் உதறு உதறுவாளே, அந்த உதறல். அம்மா இரண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள். மூன்றாம் நாள் வீட்டுக்கு வந்த விருந்தாளியை அவளே மாடிக்குக் கூட்டிப் போய்க் காட்டினாள். அப்பாவுக்கு மட்டும் இது பிடிக்கவே இல்லை. "பைத்தியக்காரச் சோலி" என்பார். மலைச் சரிவில் நாலு ஏக்கர் ஏலத் தோட்டத்தைக் குத்தகைக்கு எடுத்து நடத்திக்கொண்டிருந்த மனிதர். கல்யாணமாகாத தங்கை மொட்டை மாடியில் நின்று தகரம் கட்டுவதை ஊர் என்ன சொல்லும் என்கிற கவலை அவருக்கு. அதைத் தப்பென்று அன்று யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். நானும் சொல்லவில்லை.

நான் சொல்ல வந்த வருடத்தில், ஆனி கடைசியில், சிலமலையிலிருந்து ஒருவர் பெண் பார்க்க வந்தார். மனைவி மஞ்சள் காமாலையில் போய்விட்டாள், இரண்டு குழந்தைகள், கிணற்றுப் பாசனத்தில் நிலம். நாற்பது வயதிருக்கும். கையில் கடிகாரம் கட்டியிருந்தார். இரண்டு நிமிடத்துக்கு ஒரு தரம் கையைத் திருப்பி அதைப் பார்த்தார். காப்பி கொடுக்கும்போது பார்த்தார், காராச்சேவு தட்டை நீட்டும்போது பார்த்தார், அத்தை நமஸ்காரம் செய்து நிமிரும்போதும் பார்த்தார். போன பிறகு அம்மாவே, "என்ன அவசரமோ மனுசனுக்கு" என்றாள்.

பெண் பிடித்திருக்கிறது என்று அவர் சொல்லிவிட்டுப் போனதில் அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. "ஆடி பொறக்கப் போகுது. ஆவணி மொத முகூர்த்தத்துல முடிச்சிருவோம்" என்று வாக்குக் கொடுத்துவிட்டார். ஆடியில் கல்யாணப் பேச்சு எடுக்க மாட்டார்கள் அல்லவா, அதனால் அத்தைக்கு ஒரு மாதம் கிடைத்தது. அந்த ஒரு மாதமும் காற்று மாதம்.

அவள் சொல்லிப் பார்க்காமல் இல்லை. அடுப்படியில் அம்மாவிடம் சொன்னாள்.

"மதினி, எனக்கு இது வேணாம்னு தோணுது."

"தோணுறதெல்லாம் பாத்தா குடும்பம் ஓடுமா? பேசாம இரு புள்ள."

பிறகு அப்பாவிடம் போய், "அண்ணே" என்று தொடங்கினாள். அவர் முடிக்க விடவில்லை. "நான் ஒனக்குக் கெட்டது செய்வனா?" என்று கேட்டார்.  அவள் உள்ளே வந்துவிட்டாள். நான் ஒரு விஷயத்தை இரண்டு தரம் வாயால் சொல்லி இரண்டு தரமும் யாரும் கேட்காமல் போயிருந்தால், சட்டி பானையை உடைத்திருப்பேன். அத்தை கத்திரியை எடுத்தாள்.

ஆடி இரண்டாம் வாரம், கிட்டங்கி விடுமுறை நாள். "வாடி, ஒண்ணு காட்டுறேன்" என்று என்னை மாடிக்குக் கூட்டிப் போனாள். ஒரே பலகையில் இரண்டு தகர ஆட்கள் இருந்தார்கள். ஒருத்தர் வேட்டி கட்டிய ஆண், உட்கார்ந்திருந்தார். எதிரே சேலை கட்டிய ஒரு பெண் நின்றாள். கதவுக்கு அடித்து மிஞ்சிய நீலப் பெயின்டைச் சேலைக்குப் பூசியிருந்தாள். அத்தை மூங்கிலை நிறுத்திக் கட்டிவிட்டு விலகினாள். காற்று வந்தது. அந்த ஆள் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அந்தப் பெண் தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆட்டினாள். காற்று பலக்கப் பலக்க அவர் வேகவேகமாகக் கையைப் பார்த்தார், அவள் வேகவேகமாகத் தலையாட்டினாள்.

நான் கைகொட்டிச் சிரித்தேன். அது யார் என்று நானாகவே கண்டுபிடித்துவிட்ட பெருமை எனக்குத் தாங்கவில்லை. ஒரே ஓட்டமாகக் கீழே போய், திண்டில் சாய்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்த அப்பாவிடம், "அப்பா, அத்தை சிலமலை மாமாவைச் செஞ்சிருக்கு! அத்தை வேணாம்னு தலையாட்டுது!" என்று சொன்னேன்.

அதற்குள் தெருவில் பத்துப் பேர் அண்ணாந்து நின்று சிரித்துக்கொண்டிருந்தார்கள். அப்பா மாடியேறினார். மூங்கிலைச் சாய்த்துப் பலகையைப் பிடுங்கித் தரையில் போட்டு மிதித்தார். தகரம் நசுங்குகிற சத்தம் அவ்வளவு பெரிதாக இருக்கும் என்று எனக்குத் தெரியாது. அத்தை தடுக்கவில்லை, அழவில்லை. கத்திரியைத் தானாகவே எடுத்து அவர் கையில் கொடுத்தாள். மறுநாள் விடிந்ததும் தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப் போகிற ஜீப்பில் அவளையும் ஏற்றிவிட்டார். "ஆவணி வரைக்கும் காய் எடுக்கட்டும். மலைக்காத்து பட்டாப் புத்தி தெளியும்" என்றார். அம்மா ஒரு போர்வையையும் ஊறுகாய் பாட்டிலையும் கொடுத்தனுப்பினாள்.

நான் சொன்னதால்தானே என்று எனக்குள் ஒரு முள் தைத்தது. ஓர் ஆண்டு இரண்டு ஆண்டு அல்ல, ஐம்பது ஆண்டுகளுக்கு மேல். அமெரிக்காவிலிருந்து திரும்பி வந்த வாரம்தான் துணிந்து அத்தையிடம் கேட்டேன்: "அன்னைக்கு அப்பாகிட்டச் சொன்னது நான்தான், தெரியுமா?" அவள் சுண்டைக்காயை நசுக்கிக்கொண்டிருந்தாள்.

"தெரியாம என்ன? நீ ஓட்டவாய்னுதான ஒன்னையக் கூட்டிட்டுப் போயிக் காட்டுனேன். ஒன் தம்பியக் கூப்பிட்டிருந்தா அவன் பேசாமப் பாத்துட்டுப் போயிருப்பான்."

 அந்தப் பண்ணைக் கூலி தனக்காகவே செய்தார் என்று அட்டையில் எழுதிய புண்ணியவானை எனக்கு அப்போதுதான் ரொம்பக் கோபமாகத் திட்டத் தோன்றியது. யாராவது பார்க்க வேண்டும், பார்த்து நாலு பேரிடம் சொல்ல வேண்டும் என்றுதான் ஒருவர் தகரத்தை உயரத்தில் கட்டுகிறார்.

சிரிப்பு சிலமலை வரை போய்விட்டது. ஆடி கடைசி ஞாயிற்றுக்கிழமை காலையில் அந்த மனிதர் எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார். அப்பாவுக்கு முகம் வெளுத்துப்போனது.

"ஆடியில நீங்க வரலாமா?" என்றார்.

"பேச்சுப் பேசத்தான் வரக்கூடாது. நான் ஒரு கேள்வி கேக்க வந்தேன். அந்தப் புள்ள எங்க?"

"மலையில இருக்கு. புத்தி சரியில்லன்னு நெனச்சிராதீங்க, ஏதோ வெளையாட்டு..."

"நான் ஒண்ணும் நெனைக்கல. பாக்கணும், அம்புட்டுத்தான்."

ஆண்கள் மட்டுமாகப் போய் ஒரு பெண்ணைப் பார்க்கக் கூடாது, ஒரு பெண் துணை வேண்டும். அம்மாவுக்கு அன்று பார்த்து இடுப்புப் பிடிப்பு. ஆகவே பத்து வயதுப் பெரிய மனுஷியாகிய நான் பின் சீட்டில் ஏற்றப்பட்டேன். கொண்டை ஊசி வளைவுகளில் ஜீப்பு திரும்பித் திரும்பி ஏற ஏறக் குளிர் கூடியது.  எனக்கு வாந்தி வந்தபோது சிலமலைக்காரர்தான் ஜீப்பை நிறுத்தச் சொல்லி என் நெற்றியைப் பிடித்துக்கொண்டார்.

ஏலத் தோட்டத்துக்குள் காற்று கிடையாது. மேலே பெரிய மரங்கள் நிழல் கட்டி நிற்கும், கீழே ஆள் உயரத்துக்கு ஏலச் செடி, எல்லாம் ஈரமாக, அசையாமல் இருக்கும். இங்கே அத்தை என்ன செய்துவிட முடியும் என்றுதான் அப்பா நினைத்திருப்பார். ஆனால் ஆட்கள் தங்குகிற லயத்துக்குப் பின்னால் ஒரு மொட்டைப் பாறை இருந்தது. அங்கிருந்து பார்த்தால் போடி வயல்கள் கீழே தெரியும். காற்று நேராக முகத்தில் வந்து அடிக்கும். அந்தப் பாறை இடுக்குகளில் கம்பு கம்பாக நட்டு, பதினொரு தகர ஆட்கள் ஆடிக்கொண்டிருந்தார்கள்.

குனிந்து செடியின் அடியிலிருந்து காய் பறிக்கிறவள், முதுகைப் பிடித்துக்கொண்டு நிமிர்கிறவள், குடையை விரித்து மடக்குகிற கங்காணி, வெற்றிலையில் சுண்ணாம்பு தடவுகிறவள் என்று ஒவ்வொருவரும் ஒரு வேலையில் இருந்தார்கள். முகப்பவுடர் டப்பா, பால்மாவு டப்பா, பிஸ்கட் டின் என்று லயத்துப் பெண்கள் ஆளுக்கொன்றாகக் கொண்டுவந்து கொடுத்திருந்தார்கள். கத்திரிதான் அப்பாவிடம் போய்விட்டதே, எதை வைத்து வெட்டினாள் என்கிறீர்களா? பாக்குவெட்டியால். வெற்றிலை போடுகிற ஒரு பெண் தன்னுடையதைக் கொடுத்து, அதன் வாய் மழுங்கிப் போனதையும் பொறுத்துக்கொண்டிருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை என்பதால் எல்லாரும் பாறையைச் சுற்றித்தான் இருந்தார்கள். அப்பாவைக் கண்டதும் கங்காணி ஓடி வந்தார். "மொதலாளி, இதுகளக் கழட்டுங்கன்னு சொல்லிட்டேன், கேக்க மாட்டேங்குதுக" என்றார். மலையிலேயே பிறந்து வளர்ந்த ஒரு கிழவி, "கொறச்சு நேரம் பாக்கட்டும் கங்காணி, ஒங்க குடைய யாரு தூக்கிட்டுப் போறா?" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். அத்தையும் சிரித்துக்கொண்டிருந்தாள். பிறகுதான் எங்களைப் பார்த்தாள்.

சிலமலைக்காரர் செருப்பைக் கழற்றிவிட்டுப் பாறை மேல் ஏறினார். பதினொன்றையும் ஒவ்வொன்றாக நின்று பார்த்தார். அவசரமே இல்லாமல் பார்த்தார். கடிகாரம் கட்டியிருந்தார், அதை ஒரு தரம்கூடத் திருப்பவில்லை.

"என்னையவும் செஞ்சியாமே" என்றார்.

"ஆமா."

"கையக் கையப் பாத்தனாமே."

"பாத்தீகதான."

"பாத்தேன். சின்னவளுக்கு அன்னைக்கு அனலாக் கொதிச்சுச்சு. பக்கத்து வீட்டுல போட்டுட்டு வந்தேன். நாலு மணி பஸ்ச விட்டா அடுத்த பஸ்சு பொழுதடைஞ்சுதான். அதான் பாத்துக்கிட்டே இருந்தேன்."

 தகரங்கள் கடகடவென்று ஆடின. அத்தையின் முகம் மாறியது. அவள் யாரிடமும் அப்படித் தலைகுனிந்து நான் பார்த்ததில்லை.

"அது எனக்குத் தெரியாதுண்ணே" என்றாள். "தெரிஞ்சிருந்தா அந்தக் கையச் செஞ்சிருக்க மாட்டேன்."

"தலைய?"

அவள் நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். "தலையச் செஞ்சிருப்பேன்ணே."

அப்பா கண்ணை மூடிக்கொண்டார். அண்ணே என்று ஒரு தரம் சொன்னால் வாய் தவறியது என்று சமாளிக்கலாம். பத்துப் பேர் முன்னால், மலை முகட்டில், இரண்டு தரம் சொல்லியாகிவிட்டது. நம் ஊரில் கட்டிக்கொள்ளப் போகிற ஆளை அப்படிக் கூப்பிட்டுவிட்டு அப்புறம் எந்தப் பந்தலில் உட்கார முடியும்?

"ஏய், என்ன பேச்சுப் பேசுற!" என்று அப்பா பாறையில் காலை வைத்தார்.

"விடுங்க" என்றார் சிலமலைக்காரர். அவர் முகத்தில் ஒரு கணம் ஏமாற்றம் இருந்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன். ஆசையோடுதான் வந்திருந்தார் என்று எனக்கு இப்போது தோன்றுகிறது. பிறகு அவர் சிரித்துவிட்டார். "வாயாரச் சொல்லிருச்சு. இனி மாத்த முடியாது. நான் கேக்க வந்தது இதத்தான். ஒங்க யாருக்கும் கேக்கணும்னு தோணல, சிரிக்கத்தான் தோணுச்சு. வாங்க, வெரசாக் கெளம்பி மெதுவா எறங்குவோம், புள்ளைக்கு மறுபடி வாந்தி வந்துரப் போகுது."

இந்த மனிதரைத்தான் நாங்கள் திமிர் பிடித்தவர் என்று ஒரு மாதமாகப் பேசிக்கொண்டிருந்தோம். நினைத்தால் இன்றும் வெட்கமாக இருக்கிறது. அவர் அடுத்த வைகாசியில் ராசிங்காபுரத்தில் பெண் எடுத்தார். அந்தக் கல்யாணத்தில் நாத்தனார் முடிச்சுப் போட்டது அத்தைதான். ஆனால் அதற்கு முன்னால் ஒரு பொங்கல் வந்தது.

அத்தை ஆவணியில் கீழே இறங்கிவிட்டாள். அப்பா அவளைக் கல்யாணம் செய்துகொள் என்று வற்புறுத்தவில்லை, பேசவும் இல்லை. வைத்த சோற்றைச் சாப்பிட்டுவிட்டு எழுந்து போவார். கத்திரி அவருடைய மரப்பெட்டியிலேயே பூட்டிக் கிடந்தது. அத்தை கேட்கவில்லை. கிட்டங்கிக்குப் போவாள், வருவாள். காற்றும் அடங்கிவிட்டது. மாடியில் வெறும் மூங்கில் மட்டும் நின்றது. பேச்சில்லாத அந்த வீட்டை விட அப்பா சத்தம் போட்டுத் திட்டிய வீடு எனக்குப் பிடித்திருந்தது.

பொங்கலன்று கட்டிக்கொடுத்த பெண்களுக்குப் பிறந்த வீட்டிலிருந்து அண்ணன் தம்பிகள் சீர் கொண்டு வருவார்கள். எங்கள் மாமா அம்மாவுக்குக் கொண்டு வருவார். கல்யாணமாகாமல் அண்ணன் வீட்டிலேயே இருக்கிற பெண்ணுக்கு யார் சீர் கொண்டு வருவார்கள்? மாமா நீட்டுகிற தட்டை வாங்கி உள்ளே வைப்பதுதான் வருடா வருடம் அத்தையின் வேலை. அந்த வருடமும் வைத்துவிட்டு வந்தாள். வாசலில் மறுபடி ஒரு வண்டி வந்து நின்றது.

சிலமலைக்காரர் இறங்கினார். கூடவே ஒரு பையனும், மூக்கொழுகிக்கொண்டு ஒரு சின்னப் பெண்ணும். தாம்பாளத்தில் சேலை, அரிசி, வெல்லம், மஞ்சள் கொத்து. தோளில் ஒரு கட்டுக் கரும்பு. வண்டிக்காரர் ஒரு சாக்கு மூட்டையை இறக்கி வைத்தார். அது தரையில் பட்டதும் கலகலத்தது.

"அண்ணேன்னு சொல்லிருச்சு. சீர் செய்யாம இருந்தா நல்லாருக்குமா?" என்றார் அப்பாவைப் பார்த்து.

அப்பா நிலைப்படியில் நின்றார். அவர் வாங்கிக்கொண்டால் அந்த 'அண்ணே'யை ஊரறிய ஒத்துக்கொண்டதாகிவிடும், அத்தை சொன்ன 'வேண்டாம்' அன்றோடு உறுதியாகிவிடும். வாங்காவிட்டால் பொங்கலும் அதுவுமாக வாசலில் வந்தவரைத் திருப்பி அனுப்பியதாகும். அம்மா என் தோளை இறுக்கிப் பிடித்திருந்தாள். அத்தை கதவுக்குப் பின்னால் இருந்தாள், அவள் மூச்சு எனக்குக் கேட்டது.

"கூடப் பொறந்தவன் நான் ஒருத்தன் இருக்கேன்" என்றார் அப்பா. குரல் கரகரத்தது. "எனக்குத் தோணல பாருங்க." பிறகு உள்ளே திரும்பி, "ஏ ஆத்தா, வந்து வாங்கு. ஒங்கண்ணன் எம்புட்டு நேரம் சொமந்துக்கிட்டு நிப்பாரு?" என்றார்.

அத்தை வந்தாள். தாம்பாளத்தை இரண்டு கையாலும் வாங்கித் தன் பக்கத்திலேயே வைத்துக்கொண்டாள். சிலமலைக்காரர் சாக்கைப் பிரித்தார். உள்ளே செக்குக்காரரிடம் சொல்லிவைத்து வாங்கிய எண்ணெய் டின்கள், தட்டி நிமிர்த்திய தகடுகளாக. புதிதாக ஒரு தகரக் கத்திரியும் இருந்தது.

"என்னைய மறுபடி செஞ்சு குடு ஆத்தா" என்றார். "கை எப்படின்னாலும் ஆடட்டும். பக்கத்துல யாரும் வேணாம். எங்க வீட்டு மாடியிலயும் காத்துதான்."

சின்னப் பெண், "எனக்கும்" என்றது.

அத்தை அங்கேயே முற்றத்தில் உட்கார்ந்தாள். சேலையை ஒதுக்கிக்கொண்டு ஒரு தகட்டைத் தரையில் போட்டுக் கத்திரியை வைத்தாள். புதுக் கத்திரி, வழவழப்பான தகடு. இரண்டு தரம் வழுக்கிக்கொண்டு போனது.

அப்பா செருப்பைக் கழற்றிவிட்டு வந்தார். தகட்டின் ஒரு முனையில் காலை வைத்து அழுத்தி மிதித்துக்கொண்டார்.

"ம், வெட்டு" என்றார். "நான் பிடிச்சுக்கிறேன்."